100 ஹெர்ட்ஸ் மோட்டாரும் ஓர் ஒத்தும்

மன்னார்குடிப் பக்கத்துக் கிராமம் ஒன்றில் எடுத்த சின்னப் படத்துக்கு ஆர்.ஆர்., அதாவது பின்னணி இசை வேலையை முடித்து இப்போதுதான் அனுப்பியிருக்கிறேன். ஒன்றரை மணி நேரப் படம். பாட்டு கிடையாது. ஸ்டுடியோவில் வயலின்காரர்களை உட்கார வைத்து வாசிக்கப் பட்ஜெட்டும் கிடையாது. "காட்சிக்கு அடியில ஏதோ ஒண்ணு இருந்துக்கிட்டே இருக்கணும்ணே, ஆனா மியூசிக்குன்னு தனியாத் தெரியக் கூடாது" என்பதுதான் இயக்குநர் தம்பி கேட்டது. கையில் காசில்லாத படங்களுக்கு இப்படி இசை செய்கிறவர்களுக்குப் பயன்படலாம் என்று, என்ன செய்தேன், எந்த அளவில் செய்தேன் என்பதை எழுதி வைக்கிறேன்.

கதையைச் சொன்னால்தான் வேலை புரியும். ஒரு பெரியவர் ஆற்றுத் தண்ணீரை நம்பிச் சம்பா போடக் காத்திருக்கிறார். பக்கத்து வயல்காரரிடம் போர்வெல் இருக்கிறது. அவர் மேட்டூர் ஜூன் 12-ல் திறந்தாலும் திறக்காவிட்டாலும் கவலையில்லாமல் குறுவை நட்டுவிட்டார். அணை திறந்து, கல்லணை திறந்து, வெண்ணாற்றில் தண்ணீர் விட்டு, நீடாமங்கலம் மூணாறு தலைப்பில் பாமணியாற்றுக்குப் பிரித்து, அங்கிருந்து வாய்க்கால் வாய்க்காலாக வந்து சேர்வதற்குள் இந்தப் பெரியவர் படும் பாடுதான் படம். படத்தின் கடைசிப் பகுதி வரை பக்கத்து வயல் மோட்டார் ஓடிக்கொண்டே இருக்கிறது. கேமராவில் அது ஒரு தடவைகூட வரவில்லை, சத்தம் மட்டும் வருகிறது.

எங்கெங்கே இசை வேண்டும் என்று முடிவு செய்யும் ஸ்பாட்டிங்குக்கு உட்கார்ந்தபோது கூடவே ஒரு வேலைப் பட்டியலும் வந்தது. அதன் முதல் வரி, 'ஹம் நீக்க வேண்டும்', அதாவது அந்த மோட்டார் இரைச்சலை. ஒலியெடுத்தவர் மேல் குற்றம் சொல்ல முடியாது. மும்முனை மின்சாரம் வருகிற நேரமும் நல்ல வெளிச்சம் வருகிற நேரமும் ஒன்றாக இருந்தால் அவர்தான் என்ன செய்வார். ஆனால் அந்த இரைச்சல் இருக்கிற 100 ஹெர்ட்ஸில் ஆழமாக வெட்டினால் அந்தப் பெரியவரின் குரலும் சேர்ந்து போகும். ஆண் குரலின் அடித்தளம் ஏறக்குறைய 85-லிருந்து 180 ஹெர்ட்ஸுக்குள் இருக்கிறது. 50, 100, 150, 200 என்று வரிசையாக வெட்டினால் மிஞ்சுவது தொலைபேசிக் குரல். ஐஸோடோப் ஆர்எக்ஸ் போன்ற மென்பொருள் இதைக் கொஞ்சம் நாசூக்காகச் செய்யும், அவ்வளவுதான்.

அதைவிடப் பெரிய விஷயம், அந்த இரைச்சல்தான் கதை. பக்கத்து வயலுக்குத் தண்ணீர் பாய்கிறது, இவருக்குப் பாயவில்லை. அதைத் துடைத்துவிட்டு அந்த இடத்தில் சோகமாக நீண்டு ஒலிக்கும் ஒரு சின்தசைசர் பேடைப் பூசினால், படத்தில் ஏற்கெனவே இருக்கும் நல்ல பின்னணி இசையை எடுத்துவிட்டு மட்டமான ஒன்றை வைப்பதாகத்தான் ஆகும். எடிட்டில் டெம்ப் ட்ராக்காக, அதாவது தற்காலிக இசையாக, அப்படி ஒரு வெளிநாட்டுப் பேட் போட்டு வைத்திருந்தார்கள். டெம்ப் போட்டுப் பார்த்துப் பழகிய இயக்குநரிடம் வேறு எதைக் காட்டினாலும் "நல்லாத்தாண்ணே இருக்கு, ஆனா..." என்றுதான் ஆரம்பிப்பார். அதனால் முதலில் டெம்ப்பை மொத்தமாக மியூட் செய்துவிட்டுப் படத்தை வெறும் மோட்டாரோடு ஓட்டிக் காட்டினேன். ஹம்மை நீக்குகிற பேச்சு அங்கேயே நின்றது. நீக்காமல் 6 முதல் 8 டெசிபல் வரை குறைப்பது என்று முடிவாயிற்று.

சரி, இசை அதோடு எப்படிச் சேரும் என்பதுதான் அடுத்த கேள்வி. சத்தத்தை வைத்துக்கொள்வது என்றால் அதன் சுருதி என்ன என்று தெரிய வேண்டும்.

ரீப்பர் என்கிற ஒலி மென்பொருளில் ஸ்பெக்ட்ரம் அனலைசரைப் போட்டு, எஃப்.எஃப்.டி. அளவை 32768 வைத்துப் பார்த்தேன். 48 கிலோஹெர்ட்ஸ் பதிவில் இந்த அளவு வைத்தால் ஒன்றரை ஹெர்ட்ஸ் வித்தியாசம் வரை பிரித்துக் காட்டும். 50-ல் ஒன்றும் பெரிதாக இல்லை, பதிவுக் கருவியில் லோ-கட் போட்டிருந்தார்கள். 100-ல் ஒரு பெரிய முள், 200-ல் சின்னது, 300-ல் இன்னொன்று. நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். மோட்டாருக்குள் இருக்கும் இரும்பைக் காந்தப்புலம் ஒரு சுற்றுக்கு இரண்டு முறை இழுத்து விடுகிறது, அதனால் காதில் விழுவது 100.

இந்த 100 நம் கட்டைக் கணக்கில் எங்கே வருகிறது? ஐந்து கட்டை, அதாவது கீபோர்டில் ஜி, அந்த இடத்தில் 98 ஹெர்ட்ஸ். 100 என்பது அதைவிட 35 சென்ட் ஏற்றம். ஒரு ஸ்வரத்துக்கும் அடுத்த அரை ஸ்வரத்துக்கும் நடுவே 100 சென்ட் என்றால், மூன்றில் ஒரு பங்கு ஏறி நிற்கிறது. டெம்ப் ட்ராக்கை மோட்டாரோடு கேட்டபோது பல் கூசியதற்கு இதுதான் காரணம். மோட்டார் ஏ-440 என்கிற பொதுவான கீபோர்டு சுருதிக் கணக்கில் ஓடாது. கீபோர்டைத் திறந்து அப்படியே வாசித்தால் எந்த ஸ்வரம் வைத்தாலும் ஊர் சத்தத்துக்கு அபஸ்வரம்தான். 50 ஹெர்ட்ஸ் ஓடுகிற எந்த ஊரில் படம் எடுத்தாலும், ஃப்ரிட்ஜ், ட்ரான்ஸ்ஃபார்மர், ட்யூப் லைட் சோக் எல்லாவற்றுக்கும் இதே கணக்கு. சின்தசைசரில் மாஸ்டர் ட்யூனிங்கை 35 சென்ட் ஏற்றினாலே பாதி வேலை முடிந்துவிடும். இந்தப் பதிவில் வேறெதுவும் வேண்டாம் என்று நினைக்கிறவர்கள் இதை மட்டும் எடுத்துக்கொண்டு போகலாம்.

எனக்கு அந்த 300-தான் கண்ணில் பட்டது. இரண்டு கட்டை 293.7 ஹெர்ட்ஸ். 300 என்றால் இரண்டு கட்டைக்கு மேல் 37 சென்ட். பாரி என்கிற நீண்ட நாதஸ்வரம் வழக்கமாக இரண்டு, இரண்டரைக் கட்டையில் இருக்கும். ஆக, பாரிக்குச் சுருதி ஊதுகிற ஒத்தின் சுருதியைக் கொஞ்சம் ஏற்றினாலே மோட்டாரின் மூன்றாவது ஹார்மோனிக், அதாவது 100-ன் மூன்று மடங்கு மேல் போய் உட்காரும். இன்னொரு லாபமும் இருக்கிறது. 300-ஐ ஸட்ஜமாக வைத்துக்கொண்டால் கீழே ஓடுகிற 100-ம் 200-ம் சுத்த மத்யமம். அதாவது மோட்டாரே மத்யம சுருதி போட்டுக் கொடுக்கிறது. தம்புராவில் பஞ்சமத் தந்தியை மத்யமத்துக்கு இறக்கி வைத்து நாதநாமக்ரியா, புன்னாகவராளி, செஞ்சுருட்டி பாடுகிறோமே, அதே சுருதி. இவை மேல் நிஷாதத்தைத் தாண்டாமல் ஒரு சின்ன வட்டத்துக்குள்ளேயே சுற்றுகிறவை. பெரியவர் கதைக்கு அந்தக் குறுகல்தான் பொருத்தம்.

ஒத்து என்றால் என்னவென்று இப்போதைய பிள்ளைகளுக்குத் தெரியாமல் இருக்கலாம். நாதஸ்வரம் மாதிரியே இருக்கும், விரல் வைத்து வாசிக்கிற துளை இருக்காது. அடியில் மட்டும் சுருதி சேர்க்கச் சில துளைகள். ஒரே ஸ்வரத்தைக் கச்சேரி முடிகிற வரைக்கும் மூச்சு விடாமல் ஊத வேண்டும். நாதஸ்வர மேளக் குழுவில் இதற்கென்றே ஓர் ஆள் இருப்பார். மின்சுருதிப் பெட்டி வந்த பிறகு அந்த ஆள் தேவையில்லாமல் போய்விட்டார். நரசிங்கம்பேட்டையில் இன்னும் ஆச்சா மரத்தில் நாதஸ்வரம் கடைகிறார்கள், 2022-ல் புவிசார் குறியீடும் கிடைத்தது. பாரி நாதஸ்வரமே நாதஸ்வர மேதை டி.என். ராஜரத்தினம் பிள்ளைக்காக அந்த ஊர் ரங்கநாதன் ஆசாரி செய்து கொடுத்ததுதான் என்பார்கள். ஆனால் ஒத்து வேண்டும் என்று கேட்டு வருகிறவர்கள் எத்தனை பேர்.

விசாரித்து விசாரித்து, திருவாவடுதுறைப் பக்கம் ஒத்து ஊதுகிற ஓர் ஐயாவிடம் போய்ச் சேர்ந்தேன். வயது எழுபதுக்கு மேல். அவர் வைத்திருந்த ஒத்து ரொம்ப நாளாகப் பரண் மேல் கிடந்தது. உலவு என்கிற மரக் குழலில் எண்ணெய் வற்றி வெளுத்திருந்தது, வெடிப்பு எதுவும் இல்லை. கழற்றி, உள்ளே துணியைக் கம்பியில் சுற்றி எண்ணெய் போட்டு இரண்டு நாள் சாய்த்து வைத்தார். அடியில் விரிகிற அணசைத் தனியே துடைத்தார். வாய்ப்பக்கத்துச் சிறு குழாயான கெண்டையில் நூல் சுற்று நைந்திருந்ததைப் பிரித்துப் புதிதாகச் சுற்றினார். வாயில் வைத்து ஊதுகிற சீவாளிக்கு அந்த ஊரிலேயே ஆள் இருக்கிறார்கள். ஆற்றங்கரை நாணலில் செய்வது.

"என்ன கட்டை தம்பி வேணும்?" என்றார். இரண்டு கட்டைக்கும் இரண்டரைக்கும் நடுவில், இரண்டுக்குக் கிட்டே என்று சொன்னேன். சிரித்தார். "அப்படி ஒரு கட்டை நான் ஊதினதில்லையே."

போனில் மோட்டார் சத்தத்தையே போட்டுக் காட்டினேன். போன் ஸ்பீக்கரில் 100 ஹெர்ட்ஸ் வராது, அதனால் ஒரு புளூடூத் ஸ்பீக்கர் எடுத்துப் போயிருந்தேன். கொஞ்ச நேரம் கேட்டுவிட்டு, "மத்யம சுருதி மாதிரில்ல இருக்கு" என்றார். நான் இன்னும் அந்தக் கணக்கைச் சொல்லியிருக்கவில்லை. நான் அனலைசரில் எண்ணிப் பார்த்துக் கண்டதை அவர் ஸ்பீக்கரில் கேட்டே சொல்லிவிட்டார்.

சுருதி சேர்த்த விதம் இது. முதலில் சீவாளியைக் கெண்டையில் இன்னும் கொஞ்சம் அழுத்திச் செருகினார். சுருதி ஏறியது, ஆனால் போதவில்லை. அடித் துளைகளில் இருந்த பழைய மெழுகைக் குச்சியால் கொஞ்சம் கொஞ்சமாகச் சுரண்டி எடுத்தார். துளை திறக்கத் திறக்கச் சுருதி ஏறும். ஒரு துளையில் அரிசி அளவு மெழுகு எடுத்தால் ட்யூனரில் சில சென்ட் நகர்கிறது. 300-ஐத் தாண்டி 302-க்குப் போனது. எடுத்த மெழுகை விரலில் உருட்டிச் சூடாக்கித் திரும்ப வைத்தார். 299-க்கும் 300-க்கும் இடையில் ஆடிக்கொண்டு நின்றபோது போதும் என்றேன். "இன்னும் சேரலையே" என்றார். சேராமல் இருக்கட்டும் ஐயா என்றேன்.

காரணம் இருக்கிறது. மின்கட்டமைப்பு எப்போதும் சரியாக 50-ல் நிற்பதில்லை. 49.90-லிருந்து 50.05 வரை இருக்கலாம் என்று விதி. அதனால் மோட்டாரின் மூன்றாவது ஹார்மோனிக்கும் 299.4-லிருந்து 300.3 வரை அலைந்துகொண்டிருக்கும். ஒத்து அதற்கு மிக அருகில் நின்றால் இரண்டும் சேர்ந்து நொடிக்கு ஒன்றுக்கும் குறைவான வேகத்தில் மெல்ல விம்மி அடங்கும். இந்த விம்மலை சின்தசைசரில் ஒலியைத் தானாக ஏற்றி இறக்கும் எல்.எஃப்.ஓ. வைத்துப் போலியாகவும் செய்யலாம், ஆனால் அது ஒரே சீராக வரும், கொஞ்ச நேரத்தில் காது கண்டுபிடித்துவிடும். மோட்டாருக்கே இன்னொரு ஆட்டமும் உண்டு. 2880 சுற்று என்று பிளேட்டில் போட்டிருக்கிறதே, அது நொடிக்கு 48 சுற்று. மின்சாரத்தின் 50-ஐச் சுழற்சி எட்டிப் பிடிப்பதில்லை. அந்தச் சுழற்சியின் இரட்டிப்பான 96-க்கும் 100-க்கும் உள்ள இடைவெளிதான் மோட்டார் உறுமலில் கேட்கிற படபடப்பு. அது வேகமானது, விம்மல் மெதுவானது. இரண்டும் சேர்ந்தாலே ரிதம் மாதிரி ஒன்று கிடைத்துவிடுகிறது. உடுக்கை, உறுமி ஏதாவது வைக்கலாமா என்று யோசித்திருந்தேன், அந்த யோசனை இதோடு போயிற்று.

பதிவு விடியற்காலையில், வீட்டுக்குப் பின்னால் களத்தில். நாதஸ்வரம் திறந்த வெளிக்கென்று பிறந்த கருவி, அறைக்குள் ஊதினால் சுவரெல்லாம் எதிர்த்துப் பேசும். மைக்கைப் பன்னிரண்டு அடி தள்ளி, அணசுக்கு நேராக இல்லாமல் பக்கவாட்டில் வைத்தேன். நேராக வைத்தால் 2 கிலோஹெர்ட்ஸ் பக்கம் ஊசியாகக் குத்தும். ஜூம் எச்5-ல் 96 கிலோஹெர்ட்ஸ், 24 பிட். 96 வைத்தது பெருமைக்கு இல்லை, பிறகு பாதி வேகத்துக்கு இறக்கப் போகிறேன் என்பதால். அவருக்கு மேளத்துக்குப் போனால் கிடைக்கும் முழுச் சம்பளத்தைக் கொடுத்தோம். ஒரே ஸ்வரம்தானே என்று பேரம் பேசுகிற வேலை இது இல்லை.

அந்தப் பதிவைப் பாதி வேகத்தில் ஓட்டியதும்தான் இசை கிடைத்தது. 300 பாதியாகி 150-ல் இறங்குகிறது. அதுவும் 50-ன் மடங்குதான், சுருதி கலையவில்லை. கன்னத்தில் அடக்கிய காற்றை வெளியே தள்ளிக்கொண்டே மூக்கால் மூச்சு இழுக்கிற அந்தக் கணத்தில் சத்தம் ஒரு சின்ன முடிச்சு விழுந்து அவிழும். முழு வேகத்தில் அதைக் குறையென்றுகூடச் சொல்லலாம். பாதி வேகத்தில் அது ஒரு நீண்ட எழுச்சியாக மாறிவிட்டது. இத்தனை நொடிக்கு ஒன்று என்று அளந்து வைத்தாற்போல் இல்லாமல், அவருக்குத் தோன்றியபோது வந்தது. படத்தில் பாதிக் காட்சிகளில் இசையின் தாளம் அந்த மூச்சுதான். காட்சி வெட்டு எங்கே விழுகிறதோ அதற்கு அரை நொடி முன்னால் அந்த முடிச்சு வருகிற மாதிரி நகர்த்தி வைத்தேன். இன்னும் நீளமாக இழுக்க வேண்டிய இரண்டு இடத்தில் பால்ஸ்ட்ரெட்ச் பயன்படுத்தினேன், இலவச மென்பொருள். ஆனால் அதைக் கணக்காகத்தான் தொட வேண்டும், எதைப் போட்டாலும் ஒரே மாதிரிக் கோயில் பனிமூட்டமாக ஆக்கிவிடும்.

மெலடி என்று வைத்தது ரொம்பக் கொஞ்சம். கீழ் நிஷாதம், ஸட்ஜம், சுத்த ரிஷபம், அந்தர காந்தாரம். சாயல் நாதநாமக்ரியா. புன்னாகவராளியும் அதே சுருதியில் வரும், ஆனால் அதை எடுத்தால் தியேட்டரில் எல்லோரும் பாம்பைத் தேட ஆரம்பித்துவிடுவார்கள். வாசித்தது நான்தான், பழைய ஹார்மோனியப் பெட்டி ஒன்றில். பெட்டியின் சுருதியை மாற்ற முடியாது, அதனால் பதிவு செய்துவிட்டு ரீப்பரில் சுருதி ஏற்றினேன்.

இயக்குநருக்கு நடுவில் தாராசுரம் கோயில் பலிபீடத்தின் இசைப்படிகளைப் பதிவு செய்யலாமே என்று ஓர் ஆசை வந்தது. கும்பகோணம் கும்பேஸ்வரர் கோயிலில் கல் நாதஸ்வரம் இருக்கிறதே, அது என்று இன்னோர் ஆசை. தாராசுரத்தில் படிகளுக்குக் கம்பி வேலி போட்டு வைத்திருக்கிறார்கள், போட்டதும் நியாயம்தான். டெல்டா என்றாலே கோயில் கல்லைத் தட்டிக் காட்டுவது சுற்றுலாப் படத்துக்கு வேண்டுமானால் சரி. மோட்டாரை வைத்துக் கதை சொல்கிறவருக்கு அது எதற்கு.

அடுத்தது தண்ணீர். படத்தின் கடைசிப் பகுதியில் வாய்க்காலில் தண்ணீர் வருகிறது, மோட்டார் நிற்கிறது. மோட்டார் நின்றதும் நாம் இத்தனை நேரம் சேர்த்த சுருதியின் அடி பிடுங்கிக்கொண்டு போகும். அதைத் தண்ணீர் கையில் எடுத்துக்கொள்ள வேண்டும் என்று நினைத்தேன்.

மூணாறு தலைப்பில் பாலத்து மேலிருந்து பதிவு செய்ததில் ஒன்றும் தேறவில்லை. அத்தனை ஷட்டரும் ஒன்றாக இரைந்தால் டி.வி.யில் சேனல் போனது போலத்தான் கேட்கிறது. கிராமத்து மதகுதான் சரிப்பட்டது. ஒற்றை இரும்பு ஷட்டர், மேலே திருகு கம்பி. அங்கே இருந்த, மதகைத் திறந்து மூடும் லஸ்கரிடம் விஷயத்தைச் சொன்னதும், "ஒட்டிக்குங்க, ஷட்டரை மட்டும் திருகிடாதீங்க" என்றார்.

ஒட்டியது, நடுக்கத்தை மின்சாரமாக மாற்றுகிற ஒரு பீஸோ தகடு. 27 மில்லிமீட்டர், சென்னை ரிச்சி தெருவில் சில ரூபாய்க்குக் கிடைக்கும். நடுவில் இருக்கும் வெள்ளைப் பீங்கானில் ஒரு ஒயர், வெளியே பித்தளையில் ஒரு ஒயர். பீங்கானில் சால்டரிங் அயர்னை நொடிக்கு மேல் வைத்தால் வெள்ளிப் பூச்சு உரிந்து வந்துவிடும். தகட்டில் முதலில் ஈயத்தைப் புள்ளி வைத்துவிட்டு, ஒயர் நுனியிலும் தனியாக ஈயம் ஏற்றிவிட்டு, இரண்டையும் ஒரு தொடுதலில் சேர்ப்பதே நல்லது. ஒயர் ஷீல்டு உள்ளதாக இருக்கட்டும், இல்லாவிட்டால் அதுவே ஒரு 50 ஹெர்ட்ஸ் ரேடியோ. மேலே எம்-சீலால் மூடிவிட்டால் தண்ணீர் தெறித்தாலும் பயமில்லை.

இங்கே நிறையப் பேர் தகட்டை நேராக மைக் துளையில் சொருகிவிட்டு, பீஸோ என்றாலே டப்பா சத்தம் என்று தூக்கிப் போட்டுவிடுகிறார்கள். தகடு மின்சாரக் கணக்கில் ஒரு கபாசிட்டர், சுமார் 20 நானோஃபாரட். அதை 10 கிலோ ஓம் உள்ள துளையில் போட்டால் 800 ஹெர்ட்ஸுக்குக் கீழே எல்லாம் சரிந்துவிடும். 1 மெகா ஓம் துளையில் போட்டால் 8 ஹெர்ட்ஸ் வரைக்கும் வரும். ஆடியோ இன்டர்ஃபேஸில் கிட்டாருக்கென்று 'இன்ஸ்ட்' என்று போட்டிருக்குமே, அந்தத் துளை ஏறக்குறைய 1 மெகா ஓம். ஆகவே லேப்டாப்பையும் இன்டர்ஃபேஸையும் மதகுக் கட்டை மேல் வைத்துக்கொண்டு உட்கார வேண்டியதாயிற்று. வருகிறவர் போகிறவர் எல்லாம் தண்ணீர் அளக்க வந்த ஆபீசர் என்று நினைத்து முறை எப்போது விடுவீர்கள் என்று கேட்டார்கள்.

ஷட்டர் வழியாகக் கேட்ட தண்ணீர், காதால் கேட்கிற தண்ணீர் இல்லை. கீழே பிதுங்குகிற ஓட்டம் இரும்பை நடுக்குகிறது, அந்த நடுக்கம் மட்டும் வருகிறது. ஆகாயத்தாமரைக் கொத்து வந்து இடித்தால் ஒரு டும். தேங்காய் மட்டை இடித்தால் திருகு கம்பி நீளமாக ரீங்காரம் போடுகிறது. அந்த ரீங்காரத்தைத் தனியே வெட்டி வைத்துக்கொண்டேன், படத்தில் மூன்று இடத்தில் மணி மாதிரி வருவது அதுதான்.

ஆனால் தண்ணீருக்குச் சுருதி கிடையாது. நாம்தான் கொடுக்க வேண்டும். ஒரே பதிவை மூன்று ட்ராக்கில் வைத்து, ஒவ்வொன்றிலும் ரீப்பரின் ரீஈக்யூவில் ஒரு பேண்ட்பாஸ், குறிப்பிட்ட சுருதியை ஒட்டிய ஒலியை மட்டும் விடுகிற வடிகட்டி. ஒன்று 100-ல், ஒன்று 200-ல், ஒன்று 300-ல். அகலம் 0.05 ஆக்டேவ். அவ்வளவு குறுக்கினால் சத்தம் ரொம்பச் சின்னதாகிவிடும், 20 டெசிபலுக்கு மேல் தூக்க வேண்டியிருந்தது. இப்போது தண்ணீர் மோட்டாரின் சுருதியில் முனகுகிறது. மோட்டார் நிற்கிற காட்சியில், சத்தம் அடங்குவதற்கு முன்பே இது உள்ளே வந்துவிடுகிறது. பிறகு அந்த அகலத்தை ஆட்டோமேஷனில் கொஞ்சம் கொஞ்சமாக 2 ஆக்டேவ் வரை விரித்துக்கொண்டே போனேன். சுருதி கரைந்து, காட்சி முடியும்போது வெறும் தண்ணீர்ச் சத்தம் மட்டும் நிற்கிறது. எந்த இடத்தில் இசை முடிந்தது என்று இயக்குநராலேயே காட்ட முடியவில்லை. எடிட்டர் மட்டும் கண்டுபிடித்தார், அவருக்குக் காது நல்ல காது.

எதிரொலிக்கு வெளியே எங்கும் போகவில்லை. கதை நடக்கிற வீட்டிலேயே கூடத்தில் நெல் கொட்டி வைக்கிற ஒரு பத்தாயம் நிற்கிறது. நெல் களத்திலிருந்து நேரே கொள்முதல் நிலையத்துக்குப் போய்விடுவதால் அநேகப் பத்தாயங்கள் இப்போது காலிதான், இதிலும் பழைய பாத்திரங்கள் கிடந்தன. காலி செய்து, உள்ளே ஒரு ஸ்பீக்கரை இறக்கி, ஒத்துப் பதிவை ஓட்டி, அடியில் நெல் தள்ளுகிற வாயில் மைக்கை வைத்தேன். உள் உயரம் ஆறடி. ஒலி நொடிக்குச் சுமார் 346 மீட்டர் போகிறது என்றால், அந்த உயரத்துக்கு ஒத்திசைவு 95 ஹெர்ட்ஸ் பக்கம் வரும். கேட்டால் அப்படித்தான், 100-க்குக் கொஞ்சம் கீழே பெட்டி தானாக உப்புகிறது. பெட்டிக்குள் அடியில் செங்கல் பரப்பி மேலே பலகை போட்டு நாலு அங்குலம் உயர்த்தினேன். ஏறக்குறைய 100-க்கு வந்துவிட்டது. வீட்டுக்கார அம்மா, "பத்தாயத்துக்கும் சுருதி சேக்கிறியாப்பா?" என்று கேட்டுவிட்டு டீ கொண்டுவந்தார். பெரியவர் வீட்டுக்குள் இருக்கிற காட்சிகளுக்கெல்லாம் இந்தப் பத்தாயம் வழியாகப் போன ஒத்துதான். வயல் காட்சிகளில் எதிரொலியே கிடையாது, வயலில் ஏது எதிரொலி.

மிக்ஸிங்குக்குக் கொடுத்தபோது ஒத்து, தண்ணீர், மெலடி மூன்றும் தனித்தனி ஸ்டெம், அதாவது தனித்தனி ஒலிக் கோப்பு. 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட், எல்லாம் படத்தின் முதல் ஃப்ரேமிலிருந்தே ஆரம்பிக்கிற மாதிரி. வசனத்துக்கு அடியில் ஒத்தில் 1-லிருந்து 4 கிலோஹெர்ட்ஸ் வரை நன்றாகக் குறைத்துவிட்டேன். மெய்யெழுத்துகள் தெளிவாகக் கேட்பது பெரும்பாலும் அதிலும் அதற்கு மேலும்தான். அதற்கும் மேலே சில்வண்டு வேறு உட்கார்ந்திருக்கிறது, புதிதாக மினுமினுப்பு எதையும் சேர்க்க இடமில்லை. மோட்டாரையும் தனியே நீளமாக ஒரே மூச்சில் பதிவு செய்து கொடுத்தேன். வேறு வேறு நாளில் எடுத்த ஷாட்டுகளில் ஹம் ஏறி இறங்கும், அந்தத் தையல் தெரியாமல் அடியில் விரிக்க அது வேண்டும்.

ஒரு சிக்கல் கடைசியில் வந்தது. ட்யூப் லைட் வெளிச்சம் துடிக்கக் கூடாது என்று படத்தை 25 ஃப்ரேமில் எடுத்திருந்தார்கள். அதற்கும் இதே 50 ஹெர்ட்ஸ்தான் காரணம். தியேட்டருக்கான டிஜிட்டல் பிரதியான டிசிபி 24-ல் வேண்டும் என்றார்கள். 25-ஐ 24-ல் ஓட்டினால் எல்லாம் 4 சதவீதம் மெதுவாகி, சுருதி 71 சென்ட் இறங்கும். இறங்க விடலாம், அல்லது மென்பொருளில் திரும்ப ஏற்றலாம். எதைச் செய்தாலும் வசனத்துக்கும் இசைக்கும் சேர்த்தே செய்யுங்கள் என்று மட்டும் மிக்ஸிங் செய்கிறவரிடம் எழுதிக் கொடுத்தேன். வசன ட்ராக்கில் மோட்டார் இருக்கிறது, இசை அதற்குச் சேர்த்த சுருதியில் இருக்கிறது. ஒன்றை ஏற்றி ஒன்றை விட்டால் அத்தனை மெழுகு சுரண்டியதும் வீண். அவர் இரண்டையும் இறங்க விட்டார். நடிகர்களின் குரல் கொஞ்சம் கனத்தது. பெரியவர் வேடத்துக்கு அது நல்லதாகத்தான் போயிற்று, சின்னப் பெண்ணின் குரலுக்குத்தான் எனக்கு முழுத் திருப்தி இல்லை.

ஒத்து ஊதிய ஐயாவிடம் பதிவின் ஒரு பிரதியைக் கொடுக்கப் போனபோது, இரண்டரைக் கட்டையில் போட்டுத் தர முடியுமா என்று கேட்டார். அண்ணன் மகன் நாதஸ்வரம் வாசிக்கிறாராம், அவர் மேளத்துக்கு அதுதான் கட்டை. மின்சுருதிப் பெட்டிக்குப் பதில் இதைப் போனில் போட்டுக்கொள்ளலாமே என்றார். 300-லிருந்து இரண்டரைக் கட்டைக்கு 63 சென்ட். மென்பொருளில் சுருதியை மட்டும் ஏற்றினால் ஒலி கரகரக்கிறது, அதனால் வேகத்தையே ஏற்றிவிட்டேன். மூச்சு முடிச்சு விழுகிற இடமாகப் பார்த்து வெட்டி, சுற்றிச் சுற்றி வருகிற மாதிரி ஒட்டியதில் இணைப்பு தெரியவில்லை. அதைக் கேட்டுவிட்டு இன்னொரு மேளக்காரர் இரண்டு கட்டையில் வேண்டும் என்று சொல்லியனுப்பியிருக்கிறார். இந்த வாரம் அதைச் செய்ய வேண்டும்.